பதினேழாவது தட்டு

நாலு பேருக்கு முன்னால் நின்று பேசச் சொன்னால் தொண்டை அடைத்துப்போகிற ஆள் நான். கோயிலில் வாசகம் வாசிக்கும்படி பங்குத்தந்தை இரண்டு தடவை கேட்டார். இரண்டு தடவையும் காய்ச்சல் என்று பொய் சொன்னேன். படிப்பும் பத்தாம் வகுப்போடு சரி. அப்படிப்பட்டவன் பங்கு மலருக்குக் கட்டுரை எழுத உட்கார்ந்தது அதிகப்பிரசங்கித்தனம்தான். வாசிக்கிறவர்கள் பொறுத்துக்கொள்ள வேண்டும். பொறுக்க முடியாதவர்கள் அனுஷாவைப் பேசலாம். எழுதச் சொன்னது அவள்தான்.

அனுஷா பலெர்மோவுக்குப் பக்கத்தில், பகேரியாவில் ஒரு பிள்ளைகள் இல்லத்தின் சமையலறையில் வேலை செய்கிறாள். போன மாதம் பூசை முடிந்து வெளியே வரும்போது என்னைப் பிடித்துக்கொண்டாள்.

"மாமா, எங்கட இடத்திலை புது ஒழுங்கு ஒண்டு வந்திருக்கு. இருக்கிற ஆக்களை விட ரெண்டு சாப்பாடு கூடச் சமைக்க வேணுமாம். சமைச்சதை எழுதியும் வைக்க வேணுமாம். உங்கட காலத்திலையும் இப்பிடி இருந்ததோ?"

"சமைச்சனாங்கள் பிள்ளை. எழுதி வைக்கேல்லை. அதாலை ஒரு பொடியன் சாகப் பார்த்தவன்."

"ஐயோ, அதை எழுதித் தாங்கோ!"

இடுப்பு வலியால் போன வருடம் வேலையை விட்டேன். வயது ஐம்பத்தெட்டு. வீட்டில் இருந்து சுவரைப் பார்ப்பதற்கு எழுதலாம் என்று தோன்றியது.

மன்னாரிலிருந்து இத்தாலிக்கு, சிசிலித் தீவின் பலெர்மோவுக்கு வந்தபோது எனக்கு இருபத்தைந்து வயது. முதல் மூன்று வருடமும் நகரத்துக்குள்ளேயே பொலிதேயாமா பக்கம் ஒரு வயதான சிஞ்ஞோராவின், அதாவது இத்தாலிய அம்மாவின், வீட்டில் வேலை. பாஸ்தா அவிக்கும் தண்ணீர் கடல் தண்ணீர் போல உப்பாக இருக்க வேண்டும் என்பதை முதல் கிழமையில் படித்தேன். மிச்சமெல்லாம் பிறகு தானாக வந்தது. செபமாலை என்ற என் பெயரைச் சொல்லிப் பார்த்து, நாக்குச் சுளுக்கி, கடைசியில் சிஞ்ஞோராவே எனக்கு செபஸ்தியானோ என்று பெயர் வைத்தார். மகளோடு இருக்க அவர் மிலானுக்குப் போனபோது, நான் வழக்கமாகச் சாப்பிட்ட தட்டைக் கையில் தந்தார். நீலக் கரை போட்ட வெள்ளை எனாமல் தட்டு.

அவர் போனதும் எனக்கு வேலை இல்லை. வேலை கொடுப்பவரின் கடிதம் இல்லாமல் பெர்மெஸ்ஸோவை, அதாவது நாட்டில் தங்கும் அனுமதியை, புதுப்பிக்க முடியாது. அது முடிய ஆறு கிழமை இருக்கும்போது, மலையில் ஒரு முகாமுக்குச் சமையல்காரன் தேவை என்று கேள்விப்பட்டேன். பலெர்மோவிலிருந்து பஸ்ஸில் இரண்டு மணித்தியாலம், பிறகு நடை. எப்படிப்பட்ட முகாம் என்று நான் கேட்கவில்லை. வேலைக்கு எடுத்தவர்களும் சொல்லவில்லை.

அது வழிதவறின பொடியன்களைத் திருத்துகிற இடம். பழைய ஆட்டுப்பண்ணை ஒன்றின் கல்வீடு. பதினாலு வயதிலிருந்து பதினேழு வரை பதினாறு பொடியன்கள். மோட்டார் சைக்கிள் திருடினவன், வாத்தியாருக்குக் கை நீட்டினவன், வீட்டில் அடங்காதவன். விடிய ஆறு மணிக்குப் பச்சைத் தண்ணீரில் குளிப்பு. மதியம் வரை ஒருவரும் வாய் திறக்கக் கூடாது. கிழக்கு மதிலில் இருக்கும் கல்லை மேற்கு மதிலுக்குச் சுமக்க வேண்டும். அடுத்த கிழமை அதே கல்லைத் திரும்பக் கிழக்குக்குச் சுமக்க வேண்டும். பத்து மணிக்கு மூன்று கூட்டமாகப் பிரிந்து மலை ஏறி இறங்கிச் சாப்பாட்டுக்கு வர வேண்டும். குற்றம் செய்தால் ரொட்டித் தட்டு, அதாவது மற்றவர்களுக்குப் பாஸ்தா, அவனுக்குக் காய்ந்த ரொட்டியும் நாலு ஒலிவங்காயும். மறுபடி குற்றம் செய்தால் வீட்டுக் கடிதம் கிடையாது. அதற்கும் மேலே போனால் காலில் இருக்கும் தோல் சப்பாத்தைப் பறித்துவிட்டுத் துணிச் சப்பாத்துக் கொடுப்பார்கள். அந்தக் கல்லிலும் பனியிலும் அதுதான் பெரிய தண்டனை.

முதல் கிழமையே திரும்பிவிட நினைத்தேன். போகவில்லை. எனக்குப் பெர்மெஸ்ஸோவுக்குக் கடிதம் வேண்டும். ரொட்டித் தட்டுகளை என் கையாலேயே வைத்தேன் என்பதையும் எழுதத்தான் வேண்டும்.

முகாமின் பெரியவர் சிஞ்ஞோர் அத்தீலியோ. எல்லோரும் கபோ என்றுதான் கூப்பிடுவார்கள். முன்பு படையில் பயிற்சி கொடுத்தவர். அவர் கத்தி நான் ஒருநாளும் கேட்டதில்லை. கோபம் கூடக் கூடக் குரல் இறங்கும். மிகவும் கோபம் என்றால் மூக்குக் கண்ணாடியைக் கழற்றிச் சட்டை நுனியால் துடைப்பார். பொடியன்களையும் "நீர்" என்று மரியாதையாகத்தான் கூப்பிடுவார். "உம்முடைய சப்பாத்தைக் கழற்றித் தாரும்" என்பார். அடித்தால் கூட அவ்வளவு நோகாது என்பார்கள் பொடியன்கள்.

ஆட்களை எண்ணுவதற்கு அவரிடம் ஒரு முறை இருந்தது. பெயர் கூப்பிட்டு எண்ணினால் ஒருவனுக்காக இன்னொருவன் குரல் கொடுத்துவிடுவான். அதனால் மதியச் சாப்பாட்டில்தான் எண்ணிக்கை. அடுக்கிலிருந்து தட்டை எடுத்துப் பொடியன்களே போட்டுக்கொள்வார்கள். சாப்பிட்டு முடித்ததும் ஒவ்வொருவனும் தன் தகரத் தட்டைச் சமையலறை ஜன்னலால் தண்ணீர்த் தொட்டிக்குள் போட வேண்டும். நான் எண்ண வேண்டும். எல்லாம் முடிந்ததும் கபோ ஜன்னலுக்கு வருவார். என்னைப் பார்க்க மாட்டார், மலையைப் பார்த்துக்கொண்டு நிற்பார்.

"எத்தினை?"

"பதினாறு."

கொப்பியில் எழுதிக்கொண்டு போவார். "வாய் பொய் சொல்லும் செபஸ்தியானோ, வயிறு சொல்லாது. இந்தக் குளிருக்கை ஒருத்தனும் சாப்பாட்டை விட மாட்டான்" என்று ஒருமுறை சொன்னார். எனக்கு அது சரியாகத்தான் பட்டது.

நான் கண்ணால் எண்ணுவதில்லை. தொட்டிக்கு முதுகைக் காட்டியபடி பெரிய சட்டியைச் சுரண்டிக்கொண்டு, தட்டு விழும் சத்தத்தை எண்ணுவேன். வேலையும் நடக்கும், பொடியன்களின் முகத்தைப் பார்க்கவும் தேவையில்லை. என்னைப் போல் கூச்சமுள்ளவனுக்கு வசதியான முறை.

எங்கள் வீட்டில் ஆட்களை எண்ணிச் சமைக்கும் பழக்கம் இல்லை. ஆரும் வந்தால் என்று ஒரு ஆளின் சோறு எப்போதும் கூட இருக்கும். அந்தக் கைப்பழக்கம் மலையிலும் போகவில்லை. பதினேழு பேருக்குத்தான் கை அளக்கும். பதினேழாவதை நீலக் கரைத் தட்டில் போட்டு மூடி வைப்பேன். அந்த மலைக்கு ஆர் வரப் போகிறார்கள்? முதலில் நாய்க்குப் போட்டேன். பிறகு தானீனோ வந்தான்.

தானீனோ பலெர்மோவின் அல்பெர்கேரியாப் பகுதிப் பொடியன். பதினாறு வயது, ஈர்க்குச்சி உடம்பு, அதற்குள் ஒரு சந்தையே இரைச்சல் போடும் வாய். மதியத்துக்கு முன் வாயைத் திறந்து திறந்தே கிழமையில் நாலு நாள் ரொட்டித் தட்டு வாங்குவான். கறுப்பாக இருக்கும் வெளிநாட்டுக்காரரைப் பலெர்மோத் தெருவில் துருக்கி என்பார்கள். அவனும் என்னை அப்படித்தான் கூப்பிட்டான்.

"ஏய் துருக்கி! இண்டைக்கு என்ன நஞ்சு?"

ஒருநாள் பின்கதவைத் திறந்தபோது, அவன் கழிவு வாளிக்குள் இருந்து தோடம்பழத் தோலை எடுத்துத் தின்றுகொண்டிருந்தான். என்னைக் கண்டதும் வாயைத் துடைத்துக்கொண்டு, "பார்க்கிறனான், ஊத்தை வாளியைக் கழுவுறியோ எண்டு" என்றான். நான் நீலக் கரைத் தட்டை விறகுக் குவியலின் மேல் வைத்துவிட்டு உள்ளே போனேன்.

அன்று தொடங்கியது. வாளி ஊற்றும் வேலையை அவனே கேட்டு வாங்கிக்கொண்டான். மேசையில் ரொட்டியைத் தின்று, தகரத் தட்டைத் தொட்டிக்குள் போட்டுவிட்டு வருவான். நான் கரண்டியால் நீலக் கரைத் தட்டில் இரண்டு தட்டுத் தட்டுவேன். அது சாப்பாடு தயார் என்பதற்கு அடையாளம். தின்று முடித்துத் தட்டை விறகின் மேலேயே வைப்பான். அதை நான் எடுத்துத் தனியாகக் கழுவுவேன். எண்ணிக்கையில் சேர்ப்பதில்லை. இப்படி ஐந்து மாதம்.

தின்னும்போது அவன் கதைப்பான், நான் கேட்பேன். மாசியில் ஒருநாள் கதைக்காமல் தின்றான். புதிதாக வந்த பொடியன் ஒருவன் செய்தி கொண்டுவந்திருந்தான். தானீனோ வீட்டார் இருந்த கட்டடம் விழப்போகிறது என்று எல்லோரையும் எழுப்பிவிட்டார்களாம். தாய் எங்கே போனா என்று தெரியாது. தண்டனையில் இருந்ததால் அவனுக்குக் கடிதமும் இல்லை.

"துருக்கி, நீ ஞாயிறு பூசைக்குப் பலெர்மோ போறாய்தானே. ஒருக்கா எங்கட ஒழுங்கைக்குப் போய் விசாரிச்சுக்கொண்டு வாவன்."

போனேன். கட்டடத்தின் கதவுக்குக் குறுக்கே பலகை அடித்திருந்தது. எதிரே ரொட்டி சுட்டு விற்கும் ஒரு பாண்கடை. வாசலில் நாலைந்து பெண்கள் நின்று கதைத்துக்கொண்டிருந்தார்கள். போய்க் கேட்டால் ஒரு நிமிட வேலை. அவர்கள் திரும்பி என்னைப் பார்த்தார்கள்.  ஏதோ வழி தவறி வந்தவன் போல் மேலே பார்த்துவிட்டு நடந்துவிட்டேன்.

"வீடு பூட்டிக் கிடக்கு" என்று மட்டும் வந்து சொன்னேன்.

"ஒருத்தரையும் கேக்கேல்லையோ?"

"ஒருத்தரையும் காணேல்லை."

அது பொய். அவன் அன்று தட்டில் பாதியை மிச்சம் விட்டான். பலெர்மோ பஸ் எந்த றோட்டால் போகும் என்று கேட்டான். அதையும் சொன்னேன்.

பதினொரு நாள் கழித்து ஒரு வியாழக்கிழமை. பருப்புப் பாஸ்தா. மழை பெய்து அடுப்பு புகைந்ததால் எனக்குக் கண் எரிச்சல். மழை நாட்களில் வழக்கமாகச் செய்வது போல், பின்கதவடிக்குப் போக நேரம் இருக்காது என்று நீலக் கரைத் தட்டை முன்கூட்டியே விறகின் மேல் மூடி வைத்துவிட்டேன். பிறகு வழக்கம்போல் முதுகைக் காட்டிக்கொண்டு சத்தத்தை எண்ணினேன். பதினாறு.

"எத்தினை?"

"பதினாறு."

கபோ எழுதிக்கொண்டு போனார். அரை மணித்தியாலம் கழித்துக் கழுவத் தொடங்கினேன். தொட்டியின் அடியில் கை பட்டது தகரம் இல்லை. எடுத்துப் பார்த்தால் நீலக் கரைத் தட்டு. திரும்பிப் பார்த்தேன். அடுக்கில் ஒரு தகரத் தட்டு ஈரமே படாமல் இருந்தது.

பதினாறு சத்தத்தில் ஒன்று பதினேழாவது தட்டின் சத்தம். பொடியன்கள் பதினைந்து பேர்தான். தானீனோ மலையிலிருந்து வரவில்லை. அவனுடைய கூட்டாளி ஒருவன் விறகின் மேல் இருந்ததைத் தின்று, அந்தத் தட்டையும் ஜன்னலால் போட்டிருக்கிறான். நான் முதுகைக் காட்டி எண்ணுவது தானீனோவுக்குத் தெரியும். இரண்டு பேரும் பேசி வைத்துச் செய்த வேலை.

உடனே ஓடிப்போய்ச் சொன்னேன் என்று எழுத ஆசை. சொல்லவில்லை. சொன்னால் ஐந்து மாதக் களவு வெளியே வரும். வேலை போகும், வேலை போனால் பெர்மெஸ்ஸோ போகும். ஓடினவன் தாயிடம்தானே ஓடுகிறான், பஸ்ஸைப் பிடித்திருப்பான் என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். கழுவின தட்டையே மறுபடி மறுபடி கழுவினேன். இருபது நிமிடம் இருக்கும். பிறகு ஜன்னலால் பார்த்தேன். மலை இருந்த இடத்தில் மலை இல்லை. பனிப்புகார் முழுவதையும் மூடியிருந்தது. அவன் காலில் துணிச் சப்பாத்து. பஸ் றோட்டுக்குக் குறுக்கு வழி, மழை பெய்த ஓடைக்குள்ளால்.

நீலக் கரைத் தட்டு கையில் இருந்தபடியே கபோவின் அறைக்குப் போனேன். தண்ணீர் சொட்டியது.

"சிஞ்ஞோர், பதினாறில்லை. பதினைஞ்சு."

அவர் கண்ணாடியைக் கழற்றினார். நான் தரையைப் பார்த்துக்கொண்டு முழுவதையும் சொன்னேன். இத்தாலிய மொழியில் நான் ஒரே மூச்சில் அவ்வளவு கதைத்தது அதுதான் முதல் தடவை.

"எவ்வளவு காலமாய் இந்தத் தட்டு?" குரல் கேட்கவே இல்லை, உதட்டைப் பார்த்துத்தான் விளங்கிக்கொண்டேன்.

"அஞ்சு மாசம்."

கண்ணாடியைத் துடைத்தார். போட்டார். எழுந்து மழைக்கோட்டை எடுத்தார். முகாமில் அவருக்குக் கீழே இருந்த இரண்டு பயிற்சியாளர்களையும் பஸ் றோட்டுப் பக்கம் அனுப்பினார். என்னைப் பார்த்து, "நீர் என்னோடை வாரும்" என்றார்.

ஓடை வழியாக இறங்கினோம். பத்து அடிக்கு அப்பால் ஒன்றும் தெரியாது. கபோ விசிலை எடுத்தார், பிறகு பையில் போட்டார்.

"இதைக் கேட்டால் அவர் இன்னும் ஒளிப்பார். நீர் கூப்பிடும்."

"எனக்குச் சத்தம் வராது சிஞ்ஞோர்."

"முயற்சி செய்யும்."

"தானீனோ" என்றேன். பக்கத்தில் நின்ற கபோவுக்கே அது சரியாகக் கேட்டிருக்காது. வெட்கத்தில் உடம்பு சுட்டது. அப்போதுதான் தட்டு இன்னும் என் கையில் இருப்பதைக் கண்டேன். ஒரு கல்லைப் பொறுக்கி அதில் இரண்டு அடி அடித்தேன். நின்றேன். மறுபடி இரண்டு. அடித்து அடித்து நடந்தோம். ஐந்து மணி தாண்டி, கை விறைத்து, எனாமல் பெயர்ந்து போனபோது, கீழே எங்கோ கல்லில் கல் இரண்டு தரம் மோதும் சத்தம் கேட்டது.

ஓடைக்கரையில் ஒரு பாறைக்குக் கீழே கிடந்தான். கணுக்கால் வீங்கிப் பூசணி போல் இருந்தது. துணிச் சப்பாத்து ஒன்றைக் காணவில்லை. விரல்கள் நீலம். உதடு நடுங்கியது, ஆனால் அந்த வாய் அப்போதும் ஓயவில்லை.

"என்ன கொண்டு வந்தனீ, துருக்கி?"

"ஒண்டும் இல்லை."

"வெறுந்தட்டையோ இவ்வளவு நேரமும் அடிச்சுக்கொண்டு வந்தனீ? மடையா!"

எனக்குச் சிரிப்பும் வந்தது, கண்ணீரும் வந்தது. கபோ சிரிக்கவில்லை. அவனுடைய பாதத்தைக் கையில் எடுத்து வெகுநேரம் பார்த்தார். பிறகு தன் கோட்டை அவனுக்குப் போட்டு, முதுகைக் காட்டிக் குந்தினார்.

"ஏறும்."

"உங்கட முதுகிலையோ?"

"ஓம். இது கட்டளை."

மேலே ஏறும்போது தானீனோ அவர் தோளுக்கு மேலால் என்னைக் கேட்டான். "உண்மையைச் சொல்லு. அண்டைக்கு ஒழுங்கையிலை ஒருத்தரும் இல்லையோ?"

"இருந்தவை. பாண்கடை வாசலிலை. கேக்க வெக்கமாய்க் கிடந்தது."

"வெக்கமோ! பாண்கடையிலை கேக்க வெக்கமோ!"

"ஓம்."

கபோ நின்றார். மூச்சு வாங்குகிறார் என்று நினைத்தேன். முன்னால் பார்த்தபடியே சொன்னார்: "உம்முடைய அம்மா உம்முடைய மாமா வீட்டிலை இருக்கிறா. சுகமாய் இருக்கிறா. கடிதம் என்ரை மேசையிலை கிடக்கு. மூண்டு கிழமையாய்."

 தானீனோவுக்குப் பேச்சு வராமல் போனதை அன்றுதான் கண்டேன். கபோவின் கழுத்தைச் சுற்றிப் பிடித்திருந்த கையை மட்டும் அவன் எடுக்கவில்லை.

முகாமுக்கு வந்து, அவன் காலைச் சுடுதண்ணீரில் வைத்து, கடிதத்தையும் கொடுத்த பிறகு, கபோ சமையலறைக்கு வந்தார். நான் என் உடுப்புகளைப் பையில் அடுக்கி வைத்திருந்தேன். பையைப் பார்த்தார். நீலக் கரைத் தட்டைப் பார்த்தார்.

"நாளைக்கும் இது இருக்குமோ?"

"இல்லை சிஞ்ஞோர். இனி வைக்க மாட்டன்."

'இல்லை' என்று சொல்லச் சிசிலிக்காரர் செய்வது போல் நாடியை மேலே தூக்கி, நாக்கால் ஒரு சத்தம் போட்டார்.

"வையும். ஆனால் எனக்குச் சொல்லும்."

மற்றதைச் சுருக்கமாகச் சொல்கிறேன். துணிச் சப்பாத்துத் தண்டனையும் கடிதத்தை நிறுத்துவதும் அந்தக் கிழமையோடு இல்லாமல் போயின. கல் சுமப்பது தொடர்ந்தது. அந்த முகாமை நல்ல இடம் என்று நான் இன்றைக்கும் சொல்ல மாட்டேன். இரண்டு வருடத்தில் அதை மூடிவிட்டார்கள். ஒருவரும் அழவில்லை. அதன் பிறகு இருபத்தைந்து வருடத்துக்கு மேல் பலெர்மோவில் பள்ளிக்கூடச் சாப்பாட்டுக் கூடத்தில் வேலை செய்தேன். சின்னப் பிள்ளைகளுக்குச் சமைப்பது போல் சந்தோசமான வேலை வேறு இல்லை. அங்கே தட்டுகளை நேருக்கு நேர் நின்று, முகம் பார்த்து வாங்கினேன். கூச்சம் போகவில்லை, ஆனால் பழகிவிட்டது.

தானீனோ சந்தையில் மீன் பெட்டி இறக்குகிறான். தலை நரைத்துவிட்டது. என்னைக் கண்டால் ஐம்பது அடி தூரத்திலிருந்தே "துருக்கி!" என்று கத்துவான். சந்தை முழுக்கத் திரும்பிப் பார்க்கும். எனக்குக் காது சுடும். ஆனாலும் அந்தப் பக்கத்தால்தான் போவேன்.

நீலக் கரைத் தட்டில்தான் இன்றைக்கும் சாப்பிடுகிறேன். கல்லால் அடித்த இடத்தில் எனாமல் பெயர்ந்த கறுப்புப் புள்ளிகள் இருக்கின்றன. இனி அனுஷாவுக்கு அந்த அடுத்த நாளைச் சொல்லி நிறுத்துகிறேன்.

மறுநாள் வெள்ளிக்கிழமை. விடியவே தானீனோவைப் பலெர்மோ ஆஸ்பத்திரிக்குக் கொண்டு போனார்கள். மதியம் உருளைக்கிழங்கும் பயற்றங்காயும். கபோ ஜன்னலுக்கு வந்து, மலையைப் பார்க்காமல் என்னைப் பார்த்து, "எத்தினை?" என்று கேட்டார். "பொடியன்கள் பதினைஞ்சு, தட்டு பதினாறு" என்றேன். இரண்டையும் எழுதிக்கொண்டு போனார்.